ஏப்ரலுக்கு முந்திய முகூர்த்தம்

1929 அக்டோபர் 6, ஞாயிறு. மாயவரம்.

நேற்றுச் சாயங்காலம் ஊர் கிளப்பில் இவர் பேசினார். தலைப்பு, ‘பாரத மாதர்: அன்றும் இன்றும்.’ வேத காலத்தில் ஸ்திரீகள் சபையில் எழுந்து நின்று ரிஷிகளையே கேள்வி கேட்டார்களாம். நடுவில் வந்த சீர்கேட்டால் அடுப்படியில் அடைபட்டுப் போனார்களாம். இப்போது சாரதா சட்டம் வந்துவிட்டது. அடுத்த ஏப்ரல் முதல் தேதியிலிருந்து பதினாலு வயசு ஆகாத பெண்ணுக்குக் கல்யாணம் செய்தால் குற்றம். ஆகையால் பழைய மகிமை தானே திரும்பிவிடுமாம். கைதட்டல் அடங்க வெகு நேரம் ஆயிற்றென்று பக்கத்து வீட்டுப் போஸ்ட்மாஸ்டர் வந்து சொல்லிவிட்டுப் போனார். நான் அடுப்படியிலிருந்து கேட்டுக்கொண்டேன்.

அந்தக் கைதட்டலில் கொஞ்சம் எனக்கும் சேரவேண்டும். பிரசங்கத்தைச் சுத்தப் பிரதி எடுத்துக் கொடுத்தவள் நான். இவர் ஹைஸ்கூலில் சரித்திர வாத்தியார். ஆனால் எழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கும். மேடையில் எடுத்துப் பிரித்தால் இவருக்கே புரியாது. எனக்கு எழுதப் படிக்கச் சொல்லிக் கொடுத்ததே இதற்காகத்தான் என்று நான் கேலி செய்வதுண்டு. இவர் மறுத்துச் சொன்னதில்லை. இந்த டைரியும் இவருக்குப் பள்ளிக்கூடத்தில் கொடுத்தது. நாலு பக்கம் எழுதிவிட்டு மறந்துபோனார். மிச்சம் என்னுடையது.

எங்கள் வீட்டில் இன்னொரு வாத்தியாரும் உண்டு. என் பெண் வாலாம்பாள். ஒன்பது முடிந்து பத்து நடக்கிறது, நாலாம் வகுப்பு. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பையை இறக்காமலே கொல்லைத் தாழ்வாரத்துக்கு ஓடுவாள். அங்கே அவளுடைய மாணவி காத்திருப்பாள். மாணவிக்கு வயசு இருபத்தேழு. இவருடைய தங்கை அபயம். பதினோரு வயசில் தாலியறுத்து, தலையை மழித்து, நார்மடிப் புடவையைக் கட்டிப் பிறந்த வீட்டுக்கே திருப்பி அனுப்பப்பட்டவள். நான் இந்த வீட்டில் வந்து அடியெடுத்து வைத்தபோது எனக்குப் பதின்மூன்று, அவளுக்குப் பன்னிரண்டு. அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் ஒரே அடுப்படி.

“காவேரி எங்க உற்பத்தி ஆறது, சொல்லு பாப்போம்.”

“கொல்லைக் கிணத்துல.”

“தப்பு. குடகுன்னு பத்து தடவை எழுதிக் காட்டணும். இல்லேன்னா பெஞ்சு மேல ஏறி நிக்கணும்.”

“நம்மாத்துல பெஞ்சு ஏதுடி வாத்தியாரம்மா?”

வேத காலமெல்லாம் எனக்குத் தெரியாது. எங்கள் தாழ்வாரத்தில் தினமும் ஒரு சபை கூடுகிறது.

அக்டோபர் 20, ஞாயிறு.

தீபாவளிக்கு மாவு சலிக்க உட்கார்ந்தேன். போஸ்ட்மாஸ்டர் பெண்டாட்டி கனகம் தன் சல்லடையையும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள். அவள் பெண் கோமுவும் வாலாவும் ஒரே வகுப்பு.

“தையு, ஏப்ரலுக்கு மேல பந்தல்ல போலீஸ்காரன் வந்து நிப்பானாம். பொண்ணு வயசைக் கேட்பானாம். அப்பனைப் பிடிச்சிண்டு போயிடுவானாம்.”

“யார் சொன்னா?”

“யார் சொல்லணும்? தெருவுல போய்ப் பாரு. ஜாதகம் கையில இல்லாத மனுஷா ஒருத்தர் உண்டோ? நம்மளவாள்ள பதினாலு வயசுப் பொண்ணை எவன் வந்து பண்ணிப்பான்? பெரியவளான பொண்ணைக் கன்னியா ஆத்துல வெச்சிண்டா சாஸ்திரிகள் வாசப்படி ஏறுவாரா, சொல்லு.”

“உங்காத்துக்காரர் என்ன சொல்றார்?”

“அவர் என்ன சொல்றது? கோமுவுக்கு நான் பாத்தாச்சு. கும்பகோணத்துல ஒரு வரன்.”

சல்லடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். மாவில் கைவைக்க எனக்கு மனசு ஓடவில்லை. சட்டம் பெண்களுக்கு நல்லது என்று நானே என் கையால் எழுதிக் கொடுத்திருக்கிறேன். மற்ற பெண்களுக்கு நல்லதாகத்தான் இருக்கும். ஊரே ஒரு பக்கம் ஓடும்போது என் பெண் மட்டும் நடுத்தெருவில் தனியாக நின்றால் என்ன ஆவது?

எனக்கு எட்டு வயசில் கல்யாணம். என்ன கெட்டுப்போயிற்று? லட்டு தின்றேன், தூங்கிவிட்டேன், யாரோ தூக்கி ஊஞ்சலில் உட்கார்த்தினார்கள். அவ்வளவுதான் ஞாபகம்.

அக்டோபர் 22, செவ்வாய்.

மிளகாய் காயப்போட்டேன். மழை வந்து கெடுத்தது.

நவம்பர் 5, செவ்வாய்.

இவர் சாப்பிட்டுக் கை அலம்பும் சமயம் பார்த்துக் கேட்டேன். பசியோடு இருக்கும்போது கேட்டால் பதில் வராது.

“வாலாவுக்கு என்ன பண்றதா உத்தேசம்?”

“என்ன பண்றது? படிக்கறா.”

“ஏப்ரலுக்கு முன்னாடி முடிச்சிடணும்னு ஊரே பறக்கறது. உங்க சட்டத்தாலதான்.”

துண்டில் கையைத் துடைத்துக்கொண்டார். “சட்டத்தை நான் பூரணமா ஆதரிக்கறேன், தையு. அதுல சந்தேகமே இல்லே. ஆனா நம்மாத்துக் கொழந்தையை வெச்சா பரீட்சை பண்ணிப் பாக்கறது?”

“அப்போ பண்ணிடலாங்கறேளா?”

“நான் அப்படிச் சொன்னேனா? குடும்ப விஷயம் ஸ்திரீகள் கையிலதான் இருக்கணும். நீயாப் பாத்து எது செஞ்சாலும் எனக்குச் சம்மதம்.”

பதினைந்து வருஷத்தில் ஒரு பெரிய காரியத்தை இவர் என் கையில் கொடுத்தது இதுதான் முதல் தடவை. எனக்குச் சந்தோஷமாகவே இருந்தது. மறைப்பானேன்? அன்று பூராவும் சாவிக்கொத்தைக் கொஞ்சம் உரக்கவே ஆட்டிக்கொண்டு நடந்தேன்.

நவம்பர் 18, திங்கள்.

திருவிடைமருதூர் வேம்பு அய்யர் வீட்டிலிருந்து ஜாதகம் வந்தது. பையன் நடேசன், வயசு பதினேழு. பொருந்தியிருக்கிறது.

டிசம்பர் 19, வியாழன்.

மார்கழி பிறந்துவிட்டதால் கல்யாணப் பேச்சுக்கு ஒரு மாசம் ஓய்வு. கோலம் போட்டு முடித்து நிமிர்ந்தால், வாசலில் பெண்கள் பள்ளிக்கூடத்து எஸ்தர் டீச்சரம்மா நிற்கிறாள். ரேழித் திண்ணையைத் துடைத்து உட்காரச் சொன்னேன். காப்பி கொடுத்தேன். வேறு ஜாதியாருக்கென்று தனியாக ஒரு டம்ளர் வைத்திருக்கிறேன். அவள் குடித்துவிட்டுத் தானே அதை அலம்பிக் கவிழ்த்தாள். கேட்காமலே செய்தாள், பழக்கம் போல இருக்கிறது.

“வாலாம்பாளை நிறுத்தப் போறீங்கன்னு வகுப்புல பிள்ளைங்க பேசிக்கிறாங்க. நிசமா?”

“நிறுத்துவேன்னு யார் சொன்னா? கல்யாணம் பண்ணினாலும் பெரியவளாகற வரைக்கும் எங்காத்துலதானே இருப்பா. படிக்கட்டுமே.”

“கல்யாணத்துக்கு அப்புறம் படிக்க வந்த பிள்ளை எங்க பள்ளிக்கூடத்துல ரெண்டு பேர்ம்மா. ரெண்டு பேரும் ஒரு மாசம் வந்தாங்க.”

“எங்காத்துல அப்படி நடக்காது. அவ அப்பா யாருன்னு உங்களுக்குத் தெரியாதா?”

“தெரியும்மா. அவர் பேசினதைக் கேட்க நானும் போயிருந்தேன்.” புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: “மார்ச் கடைசியில பரீட்சை. இவதான் முதலா வருவா. வந்தா சர்க்கார் உபகாரச் சம்பளத்துக்கு எழுதலாம்னு நினைச்சிருக்கேன். அது வரைக்குமாவது பொறுங்க.”

பார்க்கலாம் என்றேன். எப்போதும் சொல்கிற பார்க்கலாம்தான். தஞ்சாவூர் ஜில்லாவில் அதற்கு அர்த்தம் எல்லோருக்கும் தெரியும்.

1930 ஜனவரி 20, திங்கள்.

பெண் பார்க்க வந்தார்கள். வேம்பு அய்யர் நிலபுலம் உள்ளவர், கனத்த குரல். வாலாவைப் பாடச் சொன்னார்கள். பாட்டுத் தெரியாது, வாய்ப்பாடு தெரியும் என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். பதினாறாம் வாய்ப்பாட்டை ஒப்பித்தாள். பையன்கூட நிமிர்ந்து பார்த்தான்.

இவர் இருக்கும்போதே நான் கதவோரம் நின்று கேட்டேன். எனக்கு அவ்வளவு தைரியம் வந்திருந்தது.

“கொழந்தை நன்னாப் படிக்கறா. கொஞ்ச நாள் பள்ளிக்கூடம் போகட்டும்னு ஆசை.”

“பேஷாப் போகட்டும்மா. யார் வேண்டாம்னா? பொண்ணு உங்காத்துல இருக்கற வரைக்கும் உங்க பொண்ணு” என்றார் வேம்பு அய்யர்.

கேட்டேளா என்று இவரைப் பார்த்தேன். இவர் தலையை ஆட்டினார். டீச்சரம்மாவிடம் சொன்ன வார்த்தையைக் காப்பாற்றிவிட்டேன் என்று நிம்மதி. முகூர்த்தம் மார்ச் 26.

பரீட்சையும் அந்த வாரந்தான். வேறு நாள் கிடைக்காதா என்று சாஸ்திரிகளைக் கேட்டுப் பார்த்தேன். ஏப்ரலுக்கு முன்னால் தனக்கு ஒழிவே அந்த ஒரு காலைதான், அதிலும் வேறு இரண்டு கல்யாணம் இருக்கிறது என்றார்.

பிப்ரவரி 11, செவ்வாய்.

முந்தாநாள் கல்யாணத்துக்கு அப்பளம் இட்டோம். நான், கனகம், அபயம். கனகம் பாதியில் எழுந்து போனாள். கும்பகோணத்து வரன் தட்டிப்போய்விட்டதாம். அதிக சீர் கொடுக்கிற இடத்துக்குப் பிள்ளை வீட்டார் தாவிவிட்டார்களாம். பாவம், புலம்பித் தீர்த்தாள். எனக்கு உள்ளூரக் கொஞ்சம் பெருமைதான்.

அபயம் உருண்டையைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா இருந்தாள்.

“என் கல்யாணத்துக்கும் இப்படித்தான் கூடம் பூரா அப்பளம் காயப்போட்டா, மன்னி. நானும் உக்காந்து நாலஞ்சு இட்டேன். கோணலா இருக்குன்னு அம்மா சிரிச்சா. அந்த அப்பளம் டப்பாவுல தீரல்லே, அதுக்குள்ள அவர் போயிட்டார். அப்புறம் அதை யாரும் பொரிக்கல்லே. கொட்டிட்டா.”

“சுப காரியம் நடக்கற வேளையில இதென்ன பேச்சு அபயம்?”

“பேசல்லே மன்னி. வாலா கோணலா இட்டிருக்கா, பாருங்கோ. ஞாபகம் வந்துது.” உருண்டையைக் கீழே வைத்தாள். “உங்களை ஒண்ணு கேட்கறேன். அண்ணா கையிலதான் எல்லாம்னா கேட்க மாட்டேன். உங்க கையில இருக்குன்னு அண்ணாவே சொன்னார். இதை நிறுத்துங்கோ.”

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. உன்னைப் போல ஆகிவிடும் என்று சாபம் கொடுக்கிறாயா என்று கேட்டுவிட்டேன். எழுந்து கொல்லைப்பக்கம் போனாள். இரண்டு நாளாகப் பேச்சில்லை. தனக்குக் கிடைக்காதது இன்னொருத்திக்குக் கிடைக்கிறதே என்ற வயிற்றெரிச்சல் என்று நினைத்தேன். நினைத்தது நினைத்ததுதான், எழுதியும் வைக்கிறேன்.

மார்ச் 27, வியாழன்.

ஆயிற்று. நாலு நாள் கல்யாணம் ஒரே நாளில் ஆயிற்று. கல்யாணம் பண்ணிப்பார் என்று சொன்னவர்கள், ஊர் முழுக்க ஒரே காலையில் கல்யாணம் பண்ணிப்பார் என்று சொல்லவில்லை. வாழையிலை கிடைக்காமல் தையல் இலையில் பந்தி நடந்தது. நாயனக்காரர் மூன்று வீட்டுக்குப் பொதுவாகத் தெரு முக்கில் நின்று வாசித்தார். எந்தக் கெட்டிமேளம் யார் கழுத்துக்கு என்று சொல்ல முடியவில்லை.

சாஸ்திரிகள் மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க ஓடிவந்து உட்கார்ந்தார். கன்னிகாதான மந்திரத்தில் பெண்ணின் பேரைச் சொல்லும் இடம் வந்தது. முந்தின பந்தலில் சொன்ன பேர் நாக்கிலேயே இருந்துவிட்டது போல. காமாட்சி என்னும் கன்னிகையை என்று சொன்னார். இவரும் திருப்பிச் சொன்னார். சமஸ்கிருதம் படித்தவர், பெண்ணைப் பெற்றவர், அவளை மடியில் வைத்துக்கொண்டு வேறு யாரோ பெண்ணின் பேரைச் சொல்லித் தாரை வார்த்தார். வாலாதான் தலையைத் திருப்பி, “அப்பா, என் பேரு அது இல்லே” என்றாள். பந்தலில் சிரிப்பு. மறுபடி முதலிலிருந்து சொன்னார்கள்.

அப்போது மணி அடித்தது. பள்ளிக்கூடத்து மணி, எங்கள் தெருவுக்குக் கேட்கும். வாலா என்னைப் பார்த்தாள்.

“அம்மா, கணக்குப் பரீட்சை ஆரம்பிச்சாச்சு.”

“ஷ்” என்றேன்.

ஒன்பது கஜம் அவள் இடுப்பில் நிற்கவில்லை. ஒட்டியாணத்தால் இறுக்கிக் கட்டியிருந்தேன். ராத்திரி அவிழ்த்தபோது இடுப்பைச் சுற்றிச் சிவந்திருந்தது. தேங்காயெண்ணெய் தடவினேன். எரிகிறதா என்றேன். இல்லை என்றாள்.

அபயம் நாள் பூராவும் கொல்லை அறையில் இருந்தாள். சுப காரியத்தில் அவள் முன்னே வரக்கூடாது, அது வழக்கந்தான். ஆனால் நேற்று அவள் கதவை உள்ளே தாளிட்டுக்கொண்டிருந்தாள்.

ஏப்ரல் 2, புதன்.

நேற்று சட்டம் அமலுக்கு வந்தது. விடிந்தது. பால்காரன் வந்தான். ஒன்றும் நடக்கவில்லை.

ஏப்ரல் 6, ஞாயிறு.

சட்டத்தை வரவேற்றுக் கிளப்பில் கூட்டம் போட்டார்கள். இவரைத்தான் பேச அழைத்தார்கள். வழக்கம்போல் என்னிடம் காகிதக் கட்டு வந்தது. அடுப்பில் குழம்பு கொதிக்க, எழுதிக்கொண்டே வந்தேன். ஒரு இடத்தில் பேனா நின்றுவிட்டது. ‘பெண்ணைப் பெற்ற ஒவ்வொருவரும் தம் நெஞ்சில் கைவைத்துக் கேட்டுக்கொள்ளட்டும்’ என்று இருந்தது.

“நீங்க கேட்டுண்டேளா?” என்றேன்.

“எதை?”

காகிதத்தைக் காட்டினேன்.

“அது பொதுவாச் சொன்னது, தையு.”

பொதுவாக எழுதி முடித்துக் கொடுத்தேன். கூட்டத்தில் பாதிப் பேர் நம் வீட்டுக் கல்யாணத்தில் சாப்பிட்டவர்கள். அவர்களும் கைதட்டினார்களாம். ஊருக்கு உபதேசம் செய்வதில் கேட்கிறவர்களுக்கும் பங்கு உண்டு போல இருக்கிறது.

மே 8, வியாழன்.

கனகம் வடாம் பிழிய வந்தாள். முகத்தில் துளிக் கவலை இல்லை.

“கோமுவுக்கு வேற எடம் பாத்தியா?” என்றேன்.

“அவசரமே இல்லையாமே தையு. நாமதான் பைத்தியம் மாதிரி பறந்தோம். காரைக்கால் பிரெஞ்சுக்காரன் ஊருதானே? இந்தச் சட்டம் அங்க செல்லாதாம். எப்போ வேணும்னாலும் வண்டி கட்டிண்டு போய்ப் பண்ணிண்டு வந்துடலாமாம். நல்ல எடம் வரட்டும், அது வரைக்கும் படிச்சிண்டு கிடக்கட்டும்னு அவர் சொல்லிட்டார்.”

“தெருவுல யாரும் ஒண்ணும் சொல்லலையா?”

“என்ன சொல்லப் போறா? அவாவா ஆத்துக் கவலை அவாவாளுக்கு.”

வடாம் மாவு கையில் ஒட்டிக்கொண்டிருந்தது. காரைக்கால் இங்கிருந்து ஒரு பகல் வண்டிப் பயணம். நான் பிறந்ததிலிருந்து அது அங்கேதான் இருக்கிறது. சரித்திர வாத்தியாருக்கும் அது பிரெஞ்சுக்காரன் ஊர் என்று தெரியும். எங்கள் இருவருக்கும் தோன்றவில்லை. தோன்றியிருந்தால் மட்டும் என்ன செய்திருப்பேன் என்று யோசித்துப் பார்த்தேன். அந்தக் கேள்விக்கு நான் விரும்புகிற பதில் வரவில்லை.

ஜூன் 16, திங்கள்.

கோடை லீவு முடிந்து பள்ளிக்கூடம் திறந்தது. வாலா விடிவதற்கு முன்பே எழுந்து ஸ்லேட்டைக் கரி போட்டுத் தேய்த்து வைத்திருந்தாள். கோர்ட்டு காரியமாக வந்த வேம்பு அய்யர் அந்த நேரம் பார்த்து வாசலில் வண்டியை விட்டு இறங்கினார். கூடத்தில் பையோடு நின்றவளைப் பார்த்தார்.

“எங்க கிளம்பிட்டா மாட்டுப்பொண்ணு?”

“பள்ளிக்கூடம்” என்றாள் வாலா.

இவர் பக்கம் திரும்பினார். “தாலி ஏறின பொண்ணு ஸ்லேட்டைத் தூக்கிண்டு தெருவோட போனா, எங்க ஊர்ல என்னைன்னா கேட்பா?”

“போகட்டும்னு சொன்னேளே” என்றேன் நான்.

“சொன்னேன்மா. அப்போ அவ உங்க பொண்ணு மட்டுந்தானே?”

இவரைப் பார்த்தேன். இவர் கூரையில் எதையோ தேடிக்கொண்டிருந்தார். பிறகு, “அவா சொல்றதும் நியாயந்தான். ஆத்துலேயே வெச்சுச் சொல்லிக் கொடுத்துக்கலாம்” என்றார். வேம்பு அய்யருக்குக் காப்பி ஆற்றிக் கொடுத்தேன்.

வாலா பையை ஆணியில் மாட்டிவிட்டு ஜன்னலோரம் உட்கார்ந்தாள். கோமுவும் மற்றவர்களும் வாசலோடு போனார்கள். அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. அழுதிருந்தால் சமாதானம் செய்திருப்பேன்.

ஜூன் 17, செவ்வாய்.

போன அக்டோபரில் என் கல்யாணத்தைப் பற்றி எழுதியது பொய். நான் தூங்கவில்லை. ஊஞ்சலில் உட்கார்த்தும்போது என் அம்மாவின் புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டிருந்தேன். விரலை ஒவ்வொன்றாகப் பிரித்துத்தான் எடுத்தார்கள். லட்டு எனக்கு யாரும் கொடுக்கவில்லை.

ஜூன் 29, ஞாயிறு.

வீட்டில் சொல்லிக் கொடுப்பதாகச் சொன்னவர் ஒரு நாள் கால் மணி நேரம் சொல்லிக் கொடுத்தார். பிறகு பள்ளிக்கூட வேலை வந்துவிட்டது.

சாயங்காலம் வாலாவும் அபயமும் தாழ்வாரத்தில் உட்காருகிறார்கள், பழக்கம் விடவில்லை. ஆனால் புதுப் பாடம் ஒன்றும் இல்லை. பழைய பாடத்தையே திருப்பித் திருப்பிச் சொல்கிறார்கள். காவேரி குடகில் உற்பத்தி ஆகிறது என்று அபயம் பத்துத் தடவை சரியாகச் சொல்லிவிட்டாள். வாத்தியாரம்மாவுக்கு மேற்கொண்டு கேட்க ஒன்றுமில்லை.

இன்று அபயம் என்னிடம் வந்தாள். பிப்ரவரிக்குப் பிறகு அவளாக வந்து பேசுவது இப்போதுதான்.

“சென்னையில என்னை மாதிரி இருக்கறவாளைச் சேர்த்துண்டு படிக்க வெக்கற எடம் ஒண்ணு இருக்காம். எஸ்தர் டீச்சர் விசாரிச்சுச் சொன்னா. சேர்த்துக்கறாளாம். நான் போறேன் மன்னி.”

“நீயா? இந்த வயசுலயா?”

“இத்தனை நாள் பாடம் ஆத்தைத் தேடிண்டு வந்துது. இப்போ வரல்லே. அது இருக்கற எடத்துக்கு நான்தான் போகணும்.” குரலைத் தாழ்த்தினாள். “இன்னொண்ணும் உண்டு. வாலா தினம் என் மூஞ்சியைப் பாத்துண்டு உக்காந்திருக்கா. கல்யாணம் ஆன பொண்ணு பாத்துண்டே வளரவேண்டிய மூஞ்சியா இது?”

பிப்ரவரியில் நான் கேட்டதற்கு மன்னிப்புக் கேட்கவேண்டும் என்று வாயைத் திறந்தேன். “அண்ணாகிட்ட நான் பேசறேன்” என்றுதான் வந்தது.

ஜூலை 3, வியாழன்.

இவரிடம் பேசினேன். சாப்பிட்டுக் கை அலம்பும் சமயந்தான்.

“தலையை மழிச்ச பொம்மனாட்டி பட்டணம் போய்ப் படிக்கறதாவது? ஊர் சிரிக்கும். வேம்பு அய்யர் என்ன சொல்லுவார்? யோசிச்சுப் பாரு.”

“போன அக்டோபர்ல, விதவைகள் கல்வி கற்று ஆசிரியைகளாக வேண்டும்னு நாலாம் பக்கத்துல எழுதியிருந்தேள். நான்தானே பிரதி எடுத்தேன்.”

“அது வேற விஷயம்.”

“குடும்ப விஷயம் ஸ்திரீகள் கையிலன்னு சொன்னேள். நான் பாத்துட்டேன். அவ போகட்டும்.”

என்னை ஒரு தினுசாகப் பார்த்தார். கோபம் இல்லை, பயம் மாதிரி ஏதோ. அங்கவஸ்திரத்தை எடுத்துப் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். மறுபடி வந்தபோது அதைப் பற்றிப் பேசவில்லை. அதற்குச் சம்மதம் என்று அர்த்தம்.

இவ்வளவு சுலபமா? அடுப்படியில் போய் உட்கார்ந்து அழுதேன். இந்த வாய் நவம்பரில் எங்கே போயிருந்தது? சாவிக்கொத்தை ஆட்டிக்கொண்டு நடந்தேனே. வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இவர் அன்றைக்கும் இப்படித்தான் அங்கவஸ்திரத்தை எடுத்துப் போட்டுக்கொண்டு போயிருப்பார். கை என்னுடையதாகத்தான் இருந்தது. பெண்ணைப் பிடித்துக் கொடுத்ததும் அந்தக் கைதான்.

ஜூலை 9, புதன்.

இன்று அபயத்தை ரயில் ஏற்றிவிட்டு வந்தோம். இவருக்குப் பள்ளிக்கூடத்தில் வேலை இருந்தது. நானும் வாலாவும் போனோம். எஸ்தர் டீச்சரம்மா துணைக்குப் போகிறாள்.

கிளம்பும்போது வாலா ஆணியிலிருந்து தன் பையை எடுத்துக்கொண்டு வந்தாள். ஸ்லேட்டு, வாசக புஸ்தகம், பூகோளப் படம் எல்லாம் உள்ளே இருந்தன. புஸ்தகத்தின் மேல் தன் பேரை ரப்பரால் அழித்து, அபயாம்பாள் என்று எழுதியிருந்தாள்.

“எனக்கு வேண்டாம் அத்தை. நீ எடுத்துண்டு போ. அங்க புதுசா வாங்கித் தர மாட்டா.”

அபயம் வாங்கிக்கொள்ளத் தயங்கினாள். என்னைப் பார்த்தாள். வேண்டாம், அது குழந்தையுடையது என்று நான் சொல்வேன் என்று எதிர்பார்த்தாளோ என்னவோ. நான் என்ன சொல்லட்டும்? வாங்கிக்கோ என்றேன்.

வண்டி வந்து நின்றது. பிளாட்பாரத்தில் நாலு பேர் முகத்தைச் சுளித்து ஒதுங்கினார்கள், மொட்டைத்தலை எதிரே வந்தால் சகுனம் சரியில்லை என்று. அபயம் அவர்களுக்கு வழி விடவில்லை. நேரே நடந்து போய் ஏறினாள். ஜன்னலோரம் உட்கார்ந்து பையை மடியில் வைத்துக்கொண்டாள். வண்டி நகர்ந்தபோது, “பாடம் தெரியல்லேன்னா பெஞ்சு மேல ஏத்துவா அத்தை, ஜாக்கிரதை” என்று வாலா கத்தினாள். அபயம் சிரித்தாள். அவள் பல் தெரியச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

திரும்பி வரும்போது பள்ளிக்கூடம் விட்டிருந்தது. பெண்கள் கூட்டமாக எதிரே வந்தார்கள். கோமு கையை ஆட்டினாள். வாலாவும் ஆட்டினாள். தாலிச்சரடு வெளியே வந்திருந்தது. அதை உள்ளே தள்ளிக்கொண்டாள். பிறகு, இன்றைக்கு என்ன குழம்பு என்று விசாரிக்கிற குரலில் கேட்டாள்.

“அம்மா, இனிமே சாயங்காலத்துல நான் என்ன பண்ணணும்?”

வீடு வரும் வரைக்கும் யோசித்தேன். வாசற்படி ஏறும்போது பொழுது சாய்ந்திருந்தது.

“விளக்குக்குத் திரி போடு” என்றேன்.

சரிம்மா என்று உடனே போனாள்.